வளர்மதி கிழித்த நோட்டீஸ்

செந்துறைப் பக்கம் வளர்மதியைத் தெரியாத கொத்தனார் கிடையாது. பதினைந்து வயதில் சித்தாளாகக் கலவைப் பாண்டு தூக்க ஆரம்பித்தவள். ஊரார் வீட்டுக்கெல்லாம் செங்கல் சுமந்தவளுக்குச் சொந்த வீடு கட்ட இருபது வருஷம் பிடித்தது. அதற்கும் அவள்தான் சித்தாள், புருஷன் கொளஞ்சிதான் கொத்தனார். கூலி மிச்சம் என்று சொல்லிச் சிரிப்பாள்.

அந்த வீட்டை பேங்கில் அடமானம் வைத்துத்தான் ஹாலோ பிளாக் கல் அறுக்கும் மெஷின் வாங்கினார்கள். இரண்டு வருஷம் நன்றாக ஓடியது. பிறகு அரியலூர் காண்ட்ராக்டர் ஒருவன் லோடு லோடாகக் கல்லை ஏற்றிக்கொண்டு போய், இன்று நாளை என்று இழுத்தடித்து, கடைசியில் போனையும் எடுக்கவில்லை. நாசமாய்ப் போக. தவணை நின்றது, தபாலில் நோட்டீஸ் வந்தது. கொளஞ்சி போய்க் கெஞ்சிக் கையிலிருந்ததைக் கட்டினான். “கட்டிக்கிட்டே இருங்க, பாத்துக்கலாம்” என்றார் மேனேஜர். நம்பினார்கள். நம்பாமல் வேறென்ன செய்வது?

மாசி மாதம் ஒரு வெள்ளிக்கிழமை, மகள் பிரவீணாவைப் பெண் பார்க்க விக்கிரமங்கலத்திலிருந்து மூன்று மணிக்கு வருவதாக இருந்தது. கொளஞ்சி பழம் வாங்கக் கடைத்தெருவுக்குப் போயிருந்தான். வளர்மதி வாசலைக் கழுவி மறுபடி கோலம் போட்டுக்கொண்டிருந்தபோது பேங்க் ஆட்கள் இருவர் வந்து கதவில் பசை தடவினார்கள்.

“இன்னிக்கி மட்டும் வேணாம் சார், பொண்ணு பாக்க வராங்க” என்று கையெடுத்துக் கும்பிட்டாள்.

“எங்க வேலைம்மா இது.” தாளை ஒட்டி, போட்டோ எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

வீடு இனி பேங்க் வசம் என்று கொட்டை எழுத்தில் இருந்தது. சம்பந்தி வீட்டார் பார்த்தால் வாசலோடு திரும்பிவிடுவார்கள். தண்ணீர் தெளித்து ஊறவைத்து, சுரண்டி எடுத்து அடுப்பில் போட்டாள். வேண்டுமென்றால் திரும்ப வந்து ஒட்டட்டும், இன்று கழிந்தால் போதும். வந்தவர்கள் பூ வைத்துவிட்டுப் போனார்கள். கொளஞ்சியிடம் நாளைக்குச் சொல்லலாம் என்று நினைத்தாள். அந்த நாளை வரவேயில்லை.

ஆனியில் வீட்டைப் பூட்ட வருவதாக ஓலை வந்ததும் இருவரும் பெரம்பலூர் வக்கீல் வேல்முருகனிடம் ஓடினார்கள்.

“கதவுல நோட்டீஸ் எப்ப ஒட்டுனாங்க? ஒட்டுனதுலேருந்து நாப்பத்தஞ்சு நாளுக்குள்ள மதுரைக் கடன் தீர்ப்பாயத்துல கேஸ் போட்டிருக்கணுமே.”

“ஒட்டவே இல்லீங்க சார். இவ பொழுதன்னிக்கும் வூட்டுலதான் இருக்கா, கேளுங்க” என்றான் கொளஞ்சி.

வக்கீல் அவளைப் பார்த்தார். சொல்லிவிடலாம் என்றுதான் வாயைத் திறந்தாள். ஆனால் இல்லை என்று தலையைத்தான் ஆட்டினாள். அந்தத் தலையாட்டலை நம்பி, நோட்டீஸ் ஒட்டவில்லை என்று கொளஞ்சி கேஸுக்கான சத்தியப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டான்.

அடுத்த மாதம் பேங்க் தரப்புப் பதில் வந்தது. வக்கீல் இருவரையும் கூப்பிட்டு ஒரு போட்டோவை மேஜையில் வைத்தார். கதவு, தாள், பாதிக் கோலம், பக்கத்தில் கும்பிட்டபடி வளர்மதி.

“யாரும்மா இது?”

கொளஞ்சி போட்டோவை எடுத்து வெகுநேரம் பார்த்தான். “அத நான்தான் சார் கிழிச்சிப்போட்டேன். அவளுக்கு ஒண்ணும் தெரியாது” என்றான்.

“நாளும் போச்சு, சத்தியமும் பொய்யின்னு ஆயிடுச்சி. இனிமே உங்க பேச்ச எடுப்பாங்களா?” வக்கீல் கேஸ் கட்டைக் கட்டி ஓரமாக வைத்தார்.

பஸ்ஸில் அவன் ஒரு வார்த்தை திட்டவில்லை. நாலு பேர் பார்க்க அறைந்திருந்தால்கூட அவளுக்கு ஆறியிருக்கும். அரியலூர் தாண்டியதும்தான் அவள் பக்கம் திரும்பினான்.

“கல்யாணப் பத்திரிகை அடிக்கக் குடுக்கணும். எந்த வூட்டு விலாசம் போடச் சொல்றது, வளரு?”

அவள் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டாள்.