அண்ணையின் உருவத்துக்கு வெட்டிய புல்

சாம்பிராணிப் புகையையும் தாண்டி, வெட்டின புல்லின் வாசம் வீடு முழுக்க நின்றது... பரிஸில், லா சப்பலில், கீழே கொத்துரொட்டி தட்டுகிற சத்தம் கேட்கும் மூன்றாம் மாடி வீடு. அந்த நாளை நினைத்தால் எனக்கு முதலில் வருவது அந்த வாசம்தான்.

அப்போது அந்த வீட்டில் நானும் அண்ணியும் மட்டும். நான் ஒரு மரக்கறிக்கடையில் கல்லாவில் நின்றேன். அண்ணி அலுவலகங்கள் துப்புரவாக்கப் போவார்.

எங்களோடு வந்து சேர ஏஜென்சிக்காரன் மூலம் வெளிக்கிட்டவர் என் அண்ணை. ஏதோ ஒரு எல்லைக் காட்டிலிருந்து ஒருமுறை போன் எடுத்தார். "இஞ்சை சரியான குளிர். நாளைக்கு நடக்கப் போறம்" என்றார்.

அதற்குப் பிறகு பன்னிரண்டு வருடமாக ஒன்றுமில்லை...

ஆள் காணாமல் போய்ப் பன்னிரண்டு வருடமானால், தர்ப்பைப் புல்லில் உருவம் செய்து, அதை எரித்துக் காரியம் முடிப்பது எங்கள் வழக்கம். ஆர்ஜொந்தெய்யில் இருக்கும் பெரியம்மா போனில் இதையே ஓதிக்கொண்டிருந்தார். "அவன்ரை ஆத்மா அலையுது பிள்ளை." கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது. ஆனாலும் உள்ளுக்குள் நானும் முடியட்டும் என்றுதான் இருந்தேன். அவ்வளவு களைப்பு எனக்கு.

அண்ணியின் நிலைமை வேறு. காரியம் முடிந்தால் அவர் பொட்டை அழிக்க வேண்டும், தாலியைக் கழற்ற வேண்டும். அவர் கடைசியில் 'ஓம்' சொன்னபோது என் காதையே நான் நம்பவில்லை.

நாள் குறித்த பிறகு பார்த்தால், பூசைச் சாமான் கடையில் தர்ப்பை முடிந்துவிட்டதாம். அடுத்த பார்சல் எப்போது வருமென்று தெரியாதாம். ஐயர் அசரவில்லை. "புல்லெண்டாச் சரி, சுத்தமா இருந்தாக் காணும்" என்றார். பரிஸ் ஐயர்மாரிடம் எல்லாவற்றுக்கும் ஒரு மாற்றுவழி இருக்கும்!

"நான் வெட்டிக்கொண்டு வாறன்" என்றார் அண்ணி.

ரயில் பாதையோரம் அக்கம்பக்கத்தார் சேர்ந்து வளர்க்கும் ஒரு தோட்டம் இருந்தது. அண்ணிக்கும் அதில் ஒரு பாத்தி. தோட்டத்து வேலியோரம் ஒரு பிரெஞ்சுக்காரி கொண்டுவந்து வைத்த புல் கற்றை கற்றையாக நிற்கும். அமெரிக்காவில் மழை குறைந்த வெளிகளில் தானாக வளர்கிற புல்லாம். வெட்டினாலும் அதே தூரிலிருந்து அடுத்த வருடம் எழும்பிவிடும். விதையின் ஒரு முனை ஊசி, மறு முனை முறுக்கிச் சுருண்ட நீள நூல்.

அதைத்தான் அண்ணி கதிரோடு அரிந்துகொண்டு வந்தார்.

ஐயர் கற்றைகளைக் கட்டித் தலை, கை, கால் வைத்தார். தலையிலும் கை நுனிகளிலும் அந்த நூல்கள் சுருண்டு கிடந்தன. அண்ணைக்கும் சுருட்டை முடி... அதைப் பார்க்க முடியாமல் நான் யன்னலடிக்குப் போய்விட்டேன். புகை அலாரம் அடித்துத் தீயணைப்புக்காரர் வந்து நின்றால் என்ன சொல்வது என்று வேறு யோசனை.

பின்னால் ஐயர் அண்ணையின் பெயரைச் சொல்வது கேட்டது.

அண்ணி கத்தினார்.

நான் திரும்பியபோது உருவத்தின் மேல் தண்ணீர்த் துளிகள் கிடந்தன. வலது கை நுனியில் ஒரு நூல் மெல்ல மெல்ல நிமிர்ந்தது. பிறகு அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. விரல் விரிகிற மாதிரி... தலையில் இருந்தவையும் ஒவ்வொன்றாக அவிழ்ந்து திரும்பின. காற்று இல்லை, யாரும் தொடவும் இல்லை. ஐயர் செம்போடு சுவர் வரைக்கும் பின்வாங்கிவிட்டார்.

"எரிக்க விடமாட்டன்!"

அண்ணி உருவத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அறைக்குள் போய்க் கதவைப் பூட்டினார். காரியம் அதோடு நின்றது.

கொஞ்ச நாள் கழித்து, மழை விட்ட நேரம் அந்தத் தோட்டத்தைக் கடந்து போனேன். வேலியோரப் புல்லில் அதே நூல்கள், அதே மாதிரித் திரும்பிக்கொண்டிருந்தன. ஈரத்தில் அவிழும், காய்ந்தால் முறுகும், அப்படியே ஊசியை மண்ணுக்குள் இறக்கிவிடும் என்றார் அங்கு நின்ற பிரெஞ்சுக்காரி. அட, இவ்வளவுதானா! மூச்சிரைக்க வீட்டுக்கு ஓடினேன்.

"அண்ணி, அது அண்ணையில்லை. ஈரம் பட்டா அந்தப் புல்லு அப்பிடித்தானாம்!"

அண்ணி வெங்காயம் உரிப்பதை நிறுத்தவில்லை. "தெரியும். எத்தினை வருசமா அதுக்குத் தண்ணி விடுறனான்."

"தெரிஞ்சுகொண்டே வெட்டினனீங்களே?"

"ஓம். ஒருக்கா அசையிறதைப் பாத்திட்டு எரிய விடுவம் எண்டு நினைச்சனான்."

"பிறகேன் கத்தினனீங்கள்?"

அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தார்.

"ஐயர் தண்ணி தெளிக்க முந்தியே அசைஞ்சது, வசந்தி."

...

இப்போது பரிஸ் புறநகரில் ஆளுக்கொரு பக்கம்: நான் செவ்ரானில், அண்ணி கார்ஜ் லே கொனெஸில். பெரியம்மாகூடக் காரியப் பேச்சை எடுப்பதில்லை. போன கிழமை அண்ணி வீட்டுக்குப் போயிருந்தேன். படுக்கையறைக் கதவு பாதி திறந்திருந்தது. கட்டிலில் சுவர்ப்பக்கமாக அந்தப் புல் உருவம், கழுத்துவரைக்கும் போர்வை.

நான் ஏதோ சத்தமாகச் சொல்லிச் சிரித்தேன். அண்ணி வாயில் விரலை வைத்தார்.

"மெல்லமாக் கதை. இப்பதான் கண்ணயர்ந்தவர்."

அந்த நாளைய வசந்தி என்றால் ஈரம், முறுக்கு, ஊசி என்று விளக்கம் சொல்லிச் சண்டை பிடித்திருப்பாள். எனக்கும் அண்ணை வேண்டும் என்று அவளுக்கு அப்போது சொல்லத் தெரியவில்லை.

நான் குரலைத் தாழ்த்திக்கொண்டேன்.

"சாப்பிட்டவரே?" என்று கேட்டேன்.