நாற்பது பக்க மனுவும் இடிந்த கடையும்

இடிக்கப்பட்டுவிட்ட கடையை இடிக்கக் கூடாது என்று கேட்கும் மனுவை எவ்வளவு பணிவாகத் திரும்பப் பெற வேண்டும்? எங்கள் தீவின் ஜார்ஜ்டவுன் நீதிமன்றத்தில் அன்று காலை என்னை உறுத்திய கேள்வி இது.

மனுதாரர், துறைமுகத்தருகே தோசைக்கடை நடத்திய ஓர் அக்கா. அவருக்கு அதுவே பிழைப்பு. வெளுத்த, பூப்போட்ட பாத்தேக் துணிச் சட்டை, தோளில் ஒரு துண்டு. எந்த மேசையைக் கண்டாலும் அந்தத் துண்டால் துடைத்த பிறகே கை வைப்பார். அவருக்கு உதவ முன்வந்த எங்கள் இலவசச் சட்ட உதவிக் குழுவில் அனைவரும் பட்டதாரிகள். ஆகவே நாற்பது பக்க மனுவை மூன்று வாரம் மெருகேற்றினோம். உடனே விசாரிக்கும்படி கோரும் ஒற்றைப் பக்க அவசரச் சான்றிதழை இணைக்க மட்டும் மறந்துவிட்டோம். இடிக்க வந்தவர்களுக்கு எங்கள் நடையழகில் ஆர்வமில்லை. விசாரணைக்கு நான்கு நாள் முன்பே இயந்திரத்தோடு வந்துவிட்டார்கள்.

மனுவைத் திரும்பப் பெறும் தாளை நீட்டினேன். அக்கா மேசையைத் துடைத்தார்.

“தம்பி, கடை இல்லேன்னு கோர்ட்டுக்கு நாமதான் சொல்லணுமா?”

“ஆமாக்கா. மனு பயனில்லாமப் போயிருச்சு.”

“மனுவுக்கு என்னா ஆச்சு லா? நாப்பது பக்கமும் நல்லாத்தானே இருக்கு. கடைதான் போச்சு.”

சொல்லிவிட்டுக் கையெழுத்திட்டார். நீதிபதி அனுமதித்தார், விரும்பினால் புதிய மனு போடும் உரிமையையும் பெருந்தன்மையோடு வழங்கினார். அக்கா எங்களைத் திட்டவேயில்லை. ஏன் என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.

இப்போது நாங்கள் அவசரச் சான்றிதழைத்தான் முதலில் எழுதுகிறோம். அக்கா கடலுக்கு அக்கரையில், புக்கிட் மெர்தாஜாமில் ஒரு தொழிற்சாலை கேண்டீனில் சம்பளத்துக்குத் தோசை சுடுகிறார்.