லாபம், ரெண்டு, மூணு

எங்கள் மலையூரின் ஒண்டிக்கடை முக்கில் இன்று நனைந்த ஆட்டின் வாடை அடித்ததும், இப்போது லாட்ஜ் நிற்கிற இடத்தில் அன்றிருந்த எங்கள் ஆட்டுப்பட்டி வாசலுக்கே போய்விட்டேன். அந்தியில் அம்மா அங்கே நின்று, ஒன்று என்பதற்குப் பதில் 'லாபம்' என்று சொல்லித் தொடங்கி ஆடுகளை எண்ணுவாள். எண்ணி முடிக்கும்வரை வேறு பேச்சு பேசினால் பட்டிக்கு ஆகாது. ஒருநாள் மூடுபனிக்குள்ளிருந்து ஆடுகள் மட்டும் வந்தன. மேய்க்கப் போன அப்பாவைக் காணோம். கூப்பிட்டுப் பார்க்க வழியில்லாமல், கடைசி ஆடு நுழைந்த பிறகும் அம்மா நிறுத்தாமல், வெறும் பனியைப் பார்த்துக் குரலை உயர்த்தி எண்ணிக்கொண்டே போனாள். நான் அவள் சேலையை இறுக்கிப் பிடித்திருந்தேன்.

சரிவில் செருப்புச் சத்தம் கேட்டது.

"எத்தன புள்ள?" என்றபடி அப்பா வந்தார்.

"தெரியலீங்க. மறுக்கா எண்ணோணுங்க" என்றாள் அம்மா.

பட்டிப் பக்கம் திரும்பாமல், அவரையே பார்த்து 'லாபம்' என்று தொடங்கினாள்.