நான் கண் எழுதிய மண் சிலை

பேய்ப் படம் எடுக்கிறவன் என்று சொன்னால் தர்மபுரியில் பெண் கொடுக்க மாட்டார்கள். நல்லவேளை, எனக்கு அதற்கு முன்பே கல்யாணம் ஆகிவிட்டது. மூன்று படம் எடுத்தேன். மூன்றும் தியேட்டர் வாசலை மிதிக்கவில்லை. போனில் பார்க்கிறவர்களுக்கென்று ஏற்றிவிட்டேன். பாலக்கோட்டு மண்டியில் விலைபோகாத தக்காளியைக் கரைத்துத்தான் ரத்தம். "ரத்தத்துல வெதை தெரியுது" என்று எவனோ எழுதியிருந்தான். அவனுக்கெல்லாம் ரசனை ஒரு கேடு. பயந்ததாக மட்டும் ஒருத்தரும் எழுதவில்லை.

நான்காவது படம் தொடங்கும்போது மனைவி முடிவாகச் சொல்லிவிட்டாள். "இதுவும் போணியாவலைன்னா சினிமாவ வுட்டுட்டு எங்கண்ணன் டைல்ஸ் கடைக்குப் போயிருங்க." மச்சான் கடையில் உட்காருவதைவிடச் செத்துப் பேயாகிவிடலாம் என்று இருந்தது எனக்கு.

கதையில் ஊர் எல்லையில் ஓர் அம்மன் சிலை. கடைசிக் காட்சியில் கதாநாயகன் அதை உடைக்க, உள்ளேயிருந்து பேய் வெளியே வரும். கடத்தூர் பக்கம் ஒரு சோளக்காட்டு ஓரத்தில் சிலையை நிறுத்தினோம். செய்துகொடுத்த குயவர் முகத்தில் கண்ணை எழுதாமல் விட்டிருந்தார்.

"ஒடைக்கிற செலைன்னீங்களே, கண்ணு மட்டும் எழுதிராதீங்க. எழுதிட்டா அது சாமிங்க."

இந்தக் காலத்திலும் இப்படி ஓர் ஆளா என்று சிரித்தேன். ஆனால் குளோசப்பில் அந்த முகம் பிசைந்து வைத்த மாவு மாதிரி இருந்தது. சாப்பாட்டு இடைவேளையில் கறுப்பு பெயிண்டை எடுத்து நானே கண் எழுதினேன். இடது கண் கொஞ்சம் பெரிதாகிவிட்டது.

மறுநாள் காலை போனால் சிலைக்கு மஞ்சள் புடவை, எலுமிச்சை மாலை. காட்டுக்கார அம்மா வழியை மறித்தார்.

"கண்ணு தொறந்த சாமிங்க. ஒடைக்க வுடமாட்டேன்."

"நாந்தாங்க எழுதுனேன். அதுவும் குளிக்காம."

"யாரு எழுதுனா என்னங்க, பாக்குதில்ல?"

இந்த ஜனத்துக்குப் படம் எடுக்க வந்த என்னைச் செருப்பால் அடிக்க வேண்டும். கதாநாயகனைத் திரும்பிப் பார்த்தேன். கை நிறையப் பச்சை குத்திய வீரன், கடப்பாரையைக் கீழே போட்டுவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டிருந்தான். கேமராக்காரர் செருப்பைக் கழற்றியிருந்தார். காறித் துப்பலாம் போல வந்தது.

கடப்பாரையை நானே எடுத்தேன். கேமராவில் என் கையை மட்டும் எடுக்கச் சொன்னேன். அந்த அம்மா என்ன நினைத்தாரோ, விலகி நின்றார். சிலைக்கு நேரே போய் ஓங்கினேன். அது பார்த்தது. நான் எழுதிய கோணல் கண்தான். கை இறங்கவில்லை. கடப்பாரையைக் கீழே போட்டுவிட்டேன். நாலு படம் எடுத்து நான் பயமுறுத்திய ஒரே ஆள் நான்தான்.

படம் அதோடு நின்றது. அடுத்த திங்கட்கிழமையே மச்சான் கடையில் போய் உட்கார்ந்தேன்.