அத்தையிடம் சொல்லிக்கொண்டு வந்தது

யாராவது "வாயை மூடு" என்றால் இரண்டு கைகளாலும் வாயைப் பொத்திக்கொள்ளும் பிள்ளையாக இருந்தேன். எட்டு வயதில் என்னைப் புத்தூரில் மற்றவர்களோடு பேசிப் பழகச் சொல்லித்தரும் ஒரு பயிற்சிக்கு அனுப்பினார்கள். யார் வீட்டிலிருந்து கிளம்பினாலும் 'போறேன்' என்று சொல்லக் கூடாது, முகத்தைப் பார்த்து 'போயிட்டு வரேன்' என்று சொல்ல வேண்டும் என்றார் அங்கே பயிற்சி தந்த அக்கா. திரும்பி வரப்போவதில்லை என்றாலுமா என்று கேட்டேன். ஆமாம் என்றார். பொய் மாதிரிதான் பட்டது. ஆனாலும் பழகிக்கொண்டேன்.

அந்த மழைக்காலத்தில் ஸ்ரீரங்கத்து அத்தையின் கணவர் இறந்துபோனார். அத்தை அப்பாவுக்கு அக்கா, பிள்ளைகள் கிடையாது. துக்கம் விசாரிக்கப் போனோம். கூடம் நிறையப் பெண்கள். அத்தை சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். வந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்து, ஒரு வார்த்தை சொல்லாமல் வெளியே போனார்கள். பெரியவர்களுக்கே மறந்துவிட்டதே என்று எனக்கு ஆச்சரியம். அம்மாவும் பேசாமல் எழுந்தபோது பொறுக்கவில்லை. அத்தைக்கு எதிரே போய் நின்று, "போயிட்டு வரேன் அத்தை" என்று சத்தமாகச் சொன்னேன்.

கூடமே என்னைத் திரும்பிப் பார்த்தது. அம்மா என் தோளைப் பிடித்து இழுத்தார்.

"சாவு வீட்டுல அப்படிச் சொல்லக் கூடாதுடி!"

சரி, திருத்திக்கொள்ளலாம் என்று, "போறேன் அத்தை" என்றேன். யாரோ தலையில் அடித்துக்கொண்டார்கள்.

அத்தை மட்டும் என் கையைப் பிடித்தார். "என்னைக்குடி வருவே?"

இது சுலபமான கேள்வி. "ஞாயித்துக்கிழமை."

ஞாயிறு காலை செருப்பை மாட்டிக்கொண்டு வாசலில் நின்றேன்.

"அதெல்லாம் பேச்சுக்குக் கேக்கறதுடி," என்றார் அம்மா.

"அத்தைகிட்ட சொல்லிட்டேனே."

அப்பா ஸ்கூட்டர் சாவியை எடுத்தார். காவிரிப் பாலம் தாண்டிப் போனோம். உறவினர்கள் எல்லோரும் ஊர் திரும்பிவிட்டிருந்தார்கள். அத்தைதான் கதவைத் திறந்தார்.

"நெசமாவே வந்துட்டியா!"

"ஞாயித்துக்கிழமைன்னு சொன்னேனே."

அத்தை சிரித்தார். சிரித்துக்கொண்டே முந்தானையால் முகத்தை மூடி அழ ஆரம்பித்தார். இந்தத் தடவை எந்த வார்த்தை தப்பு என்று தெரியவில்லை. அப்பாவைப் பார்த்தேன். அவர் தெருப்பக்கம் திரும்பிக்கொண்டார்.

"ஸாரி அத்தை," என்றேன்.

அத்தையின் அழுகை இன்னும் அதிகமாயிற்று.