சீட்டுக்கு அடியில் போர்

ஐந்து வயதுக் குழந்தையிடம் போர்க்கதை சொல்லலாமா? எனக்கு இன்னும் தெரியவில்லை.

கடலூரிலிருந்து சிதம்பரம் போகும் பஸ் புவனகிரியில் நிற்கிறது. என் மடியில் ஒரு புத்தகம். சீன அப்பாவுக்கும் வெள்ளைக்கார அம்மாவுக்கும் பிறந்த ஒரு பெண் எழுத்தாளர் தன் சிறுவயதைப் பற்றி எழுதியது. குண்டு விழும்போதெல்லாம் அவர் மேஜைக்கு அடியில் உட்கார்ந்து கொழுக்கட்டை தின்றாராம். அதை மட்டும்தான் மகளிடம் சொல்கிறேன். அவ்வளவுதான், அவள் சீட்டுக்கு அடியில் புகுந்துவிடுகிறாள்.

"குண்டு வருது, எல்லாரும் உள்ள வாங்க!"

கூடையோடு பஸ்ஸில் ஏறிக் கதை கேட்டு நின்ற வெள்ளரிப்பிஞ்சு அக்கா கவலையாகிறார்.

"அந்தப் பொண்ணு பொழச்சுதா, இல்லியா?"

"தெரியலக்கா. பாதிதான் படிச்சிருக்கேன்."

"பொழைக்காமயா இம்மாம் பெரிய புக்கு எழுதியிருக்கும்? படிச்ச பொண்ணு, இது தெரியலியா ஒனக்கு?"

பஸ்ஸே சிரிக்கிறது. எனக்குக் கண்ணில் நீர் வருமளவுக்குச் சிரிப்பு. அக்கா குனிந்து ஒரு பிஞ்சை உள்ளே நீட்டுகிறார். "இந்தா பாப்பா, கொழுக்கட்டை."

அதைக் கடித்தபடி மகள் தலையை நீட்டுகிறாள். "அம்மா, அவங்க அப்பா ஏன் மேஜைக்கு அடியில வரல?"

அப்பாவைச் சிப்பாய்கள் பிடித்துக்கொண்டு போன பக்கத்தை நான் படித்துவிட்டேன். பஸ் கிளம்புகிறது, அவள் என் முகத்தையே பார்க்கிறாள். பிள்ளை வளர்த்தவர்கள் யாராவது எழுதுங்களேன், இவளுக்கு என்ன சொல்லட்டும்?