டப்பாவிலேயே வைத்த நான்காவது ரீல்

பிலிப்பைன்ஸ் சினிமாவைப் பற்றி ஓசூரிலேயே எனக்குத்தான் அதிகம் தெரியும். சும்மா சொன்னேன். அது நாடா, தலைவலி மாத்திரையா என்றுகூட அப்போது தெரியாது. பள்ளிக்கூடமும் நானும் ஐந்தாம் வகுப்பிலேயே பிரிந்துவிட்டோம்.

இரண்டாயிரத்துச் சொச்சத்தில் மூக்கண்டப்பள்ளிப் பக்கம் ஒரு தியேட்டரில் ஆபரேட்டராக இருந்தேன். பதினோரு மணிக் காட்சிக்கு 'அந்த மாதிரி' படம். நைட் ஷிஃப்ட் முடித்த கம்பெனி ஆட்கள்தான் கூட்டம். விசில் வராத ரீலை மறுநாள் டப்பாவிலேயே விட்டுவிடுவோம். அதுதான் எங்கள் சென்சார்.

ஒரு வெள்ளிக்கிழமை பெங்களூர் விநியோகஸ்தரின் ரெப் பழைய பிலிப்பைன்ஸ் பிரிண்ட் ஒன்றைக் கொண்டுவந்தார். மூன்று ரீல் வரை ஆற்றங்கரை, குளியல், விசில். நான்காவதில் திடீரென்று மிலிட்டரி லாரி. குளித்த பெண்ணின் புருஷனைக் கண்ணைக் கட்டி இழுத்துப் போகிறார்கள். அவள் ஈரத் தலையோடு பின்னால் ஓடுகிறாள். என் பீடி விரலைச் சுட்ட பிறகுதான் நினைவு வந்தது. ஹாலில் ஒரு சத்தம் இல்லை.

"விசிலே காணோம்டா, படம் படுத்துருச்சு. அந்த ரீலைத் தூக்கு. திரும்பி ஓட்டுனீன்னா கேபின் சாவியக் குடுத்துட்டுக் கெளம்பு" என்றார் முதலாளி.

ரெப் என்னைப் பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டார். "யோவ், அந்த நாட்டுல அப்ப ஆட்சிய எதுத்துப் பேசுனா உள்ள தள்ளுவானுங்க. துணியில்லாத படத்துக்கு மட்டும் பர்மிசன் குடுத்தானுங்க. அதுக்குள்ளதான் டைரக்டரு இதை ஒளிச்சு வெச்சிருக்காரு. நீ அதையே தூக்குறியே!"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. இருந்தாலும் சோறு முக்கியம். சனிக்கிழமை மூன்றுக்குப் பிறகு நேராக ஐந்தை ஓட்டினேன்.

முதல் நாள் வந்தவர்களே மறுபடி வந்திருந்தார்கள். "டேய் ஆபரேட்டரு! லாரி எங்கடா?" நாற்காலிகள் தடதடத்தன. "அதன்ன ஹாக்கு குரு!" அதைப் போடு என்று கன்னடத்திலும் ஒருவர் கத்தினார். குளியலுக்கு அடித்துக்கொள்பவர்கள் லாரிக்கு அடித்துக்கொண்டார்கள்! சத்தம் போடாதவன் படம் பார்க்கவில்லை என்று நினைத்திருந்தேனே, என்னைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

ஷோவை நிறுத்தி நான்காவதை மாட்டினேன்.

முதலாளி மூச்சிரைக்கப் படியேறி வந்தார். "சாவியக் குடுறா."

கொடுத்தேன். கீழே போகாமல் கேபின் ஓட்டையில் கண்ணை வைத்தார். ரீல் முடியும்வரை எடுக்கவில்லை.

"புருசன் திரும்பி வந்துருவானாடா?"

"வரலீங்க முதலாளி."

சாவியைக் கையில் உருட்டியபடி என்னைப் பார்த்தார். பிறகு...

இருங்கள், சூப்பர்வைசர் கத்துகிறார். "யோவ் வாட்ச்மேனு! கம்பெனி பஸ்ஸு நிக்குது, கேட்டத் தெறய்யா!"

தியேட்டர் வேலை என்ன ஆனது என்று இனி நீங்கள் கேட்க வேண்டியதில்லை.